வெந்நீர்க் குளத்திலிருந்து ஆட்களை எழுப்புகிற வேலை

பன்னிரண்டேகால் ஆனதும் குளத்து விளிம்பில் உட்கார்ந்தபடியே கையைத் தட்டுவேன். முதல் தட்டலுக்கு ஒருவர்கூட எழுந்திருக்க மாட்டார்கள். "இன்னும் அஞ்சே நிமிஷம் மேடம்" என்று ஒரு குரல் வரும், மற்றவர்கள் கண்ணைக்கூடத் திறக்க மாட்டார்கள். அவர்களைக் குறை சொல்லவும் முடியாது. விடியற்காலையில் கிளம்பி ஏறத்தாழ 12 கிலோமீட்டர் மலை ஏறி வந்து, குளிர்க் காற்றில் பல் கிட்டிக்கொண்டே உடை மாற்றி, கழுத்தளவு வெந்நீரில் உட்கார்ந்தவர்களை யார் எழுப்பினாலும் கோபம்தான் வரும்.

இமாச்சலப் பிரதேசத்தின் குல்லு மாவட்டத்தில், பார்வதி பள்ளத்தாக்கில் இருக்கிறது கீர்கங்கா. சுமார் 2,900 மீட்டர் உயரம். மணாலியில் மலையேற்றப் பயிற்சி முடித்த கையோடு இந்தப் பக்கம் வழிகாட்டி வேலைக்கு வந்தேன், ஊர் கோயம்புத்தூர். தமிழ்நாட்டிலிருந்து வருகிற குழுக்கள், அதிலும் பெண்கள் அதிகமாக இருக்கிற குழுக்கள் என்றால் பெரும்பாலும் என்னிடம்தான் வரும். ஒருநாள் நடை இது. காலையில் ஏறி, மேலே குளித்து, சாப்பிட்டுவிட்டு இருட்டுவதற்குள் இறங்கிவிட வேண்டும். ஒரு காலத்தில் மேலே வரிசையாகக் கூடாரம் போட்டு இரவு தங்குவார்கள், 2018-இல் அவற்றை வனத்துறை அகற்றியது. புல்வெளி குப்பைமேடாகிக்கொண்டு வந்ததால் எனக்கு அதில் வருத்தமில்லை. ஆனால் தங்க முடியாது என்றானதும் நேரம் என்பது இந்த வேலையில் முதல் விஷயமாகிவிட்டது.

ஐந்து மணிக்குக் கீழே கசோல் ஊரிலிருந்து வண்டி. மணிகரணைத் தாண்டி பர்ஷைனியில் சாலை முடிகிறது. தோஷ் ஓடை பார்வதி ஆற்றில் சேருகிற இடம் அது, பக்கத்திலேயே நீர்மின் திட்டத்தின் அணை. அணையைக் கடந்து ஆறு மணிக்கெல்லாம் நடக்க ஆரம்பித்தால் முதல் ஒன்றரை மணி நேரம் சுலபம்தான். நக்தான் கிராமத்துக்குள் புகுந்து போகிறோம், கல்லும் மரமும் மாற்றி மாற்றி அடுக்கிய வீடுகள், வாசலில் மாடு, ஆப்பிள் மரங்கள். அப்புறம் ருத்ரநாக் அருவி. பாறையில் தண்ணீர் பாம்பு மாதிரி நெளிந்து இறங்குவதால் அந்தப் பெயர், அங்கே செருப்பைக் கழற்றிக் கும்பிடுகிறவர்கள் உண்டு, அவர்களை அவசரப்படுத்தக் கூடாது. அங்கிருந்து பாலத்தைக் கடந்து அக்கரைக்குப் போனதும் காட்டுக்குள் ஏற்றம் ஆரம்பம். தேவதாரு மரங்களுக்கு நடுவே வேரும் கல்லுமாகப் பாதை ஏறிக்கொண்டே போகும், பேச்சு தானாகக் குறைந்துவிடும். கல்கா கிராமத்து வழியாகவும் ஒரு பாதை உண்டு. முழுக்கக் காடு, ஆள் நடமாட்டம் குறைவு. இந்தப் பள்ளத்தாக்கில் தனியாகப் போய்க் காணாமல் போனவர்கள் ஒருவர் இருவர் இல்லை. வழி தெரியாதவர்கள் அந்தப் பக்கம் தனியாகப் போகவே போகாதீர்கள்.

மழைக்காலத்தில், அதாவது ஜூலை நடுவிலிருந்து செப்டம்பர் நடு வரை, நான் குழு எடுப்பதில்லை. 2023 ஜூலை மழையில் கசோல், மணிகரண் பக்கம் சாலை துண்டாகி எத்தனையோ பேர் மாட்டிக்கொண்டார்கள், அதைப் பார்த்த பிறகு இதில் நான் பேரம் பேசுவதே கிடையாது. (2025 ஆகஸ்ட் 5 அன்று தராலி கிராமத்தை அடித்துக்கொண்டு போனதும் கீர்கங்கா என்கிற ஓடைதான், ஆனால் அது உத்தராகண்டில் இருக்கிறது. அன்றைக்கு ஊரிலிருந்து எனக்கு வந்த போன்களுக்குக் கணக்கில்லை.)

இப்போது குளத்துக்கு வருகிறேன். பெரிய நீச்சல் குளத்தை மனதில் வைத்துக்கொண்டு யாரும் வர வேண்டாம். ஊற்றுத் தண்ணீரைத் தேக்கிக் கட்டிய தொட்டி மாதிரியான குளம் அது, குறுக்கே நீந்தினால் நாலு வீச்சில் அடுத்த கரை வந்துவிடும். ஆண்களுடையது திறந்தவெளியில், பெண்களுக்குத் தனியாகச் சுவர் எழுப்பி மறைத்தது. பக்கத்தில் சிவன் கோயில். சோப்பு, ஷாம்பு கூடாது. கந்தக வாடை லேசாக மூக்கில் ஏறும். தண்ணீரில் வெள்ளை வெள்ளையாக மெல்லிய படலம் மிதக்கும், அதைப் பார்த்ததும் அழுக்கு என்று சிலர் முகம் சுளிப்பார்கள். கீர் என்றால் பாயசம், இந்த இடத்துக்குப் பெயர் வந்ததே இந்த வெள்ளையால்தான் என்று சொன்னதும் முகம் மாறும்.

"பக்கத்துல எரிமலை இருக்கா மேடம்?" என்று ஒவ்வொரு குழுவிலும் ஒருவராவது கேட்பார். எரிமலை இல்லை. மழையும் பனி உருகிய தண்ணீரும் பாறை வெடிப்புகள் வழியாக ரொம்ப ஆழத்துக்கு இறங்குகிறது, ஆழம் போகப் போகப் பூமிக்குள் சூடு ஏறும், அங்கே சூடான தண்ணீர் வேறு வெடிப்பு வழியாக மேலே வருகிறது. கீழே மணிகரணில் வருகிற தண்ணீர் கொதிநிலைக்குப் பக்கத்தில் இருக்கும், குருத்வாராவில் துணியில் அரிசியை மூட்டை கட்டி அந்த ஊற்றிலேயே இறக்கி வேகவைக்கிறார்கள். மேலே கீர்கங்காவில் உடம்பு தாங்குகிற சூடு. தாங்குகிற சூடு என்பதால்தான் ஆட்கள் எழுந்திருப்பதில்லை, சிக்கலே அதில்தான்.

இதை நான் கற்றுக்கொண்ட விதம் நல்ல விதம் அல்ல. முதல் வருஷம், அக்டோபர், பதினான்கு பேர் குழு. அப்போது நான் வேலை பார்த்த நிறுவனத்தின் பயணத் திட்டத்தில் 'வெந்நீர்க் குளியல், 2 மணி நேரம்' என்று அச்சடித்திருந்தது, பணம் கட்டினவர்கள் அதை உரிமையாகக் கேட்டார்கள், நானும் விட்டுவிட்டேன். விட்டதோடு இல்லாமல், எல்லாரும் குளிக்கிறார்கள் என்று சாப்பாடு சொல்லுவதற்காகக் கடைப்பக்கம் போய்விட்டேன். திரும்பி வரும்போது உள்ளே சத்தம். முப்பது வயதுக்குள்தான் இருக்கும் அந்தப் பெண்ணுக்கு, தண்ணீரை விட்டுச் சடாரென்று எழுந்து படி ஏறியிருக்கிறார், இரண்டாவது படியிலேயே கண் இருட்டிச் சரிந்துவிட்டார். பின்னந்தலை சுவரில் உரசியிருந்தது, ரத்தம் கொஞ்சம்தான், ஆனால் அந்த முகத்தின் வெளுப்பை இப்போது நினைத்தாலும் எனக்கு வயிற்றைப் பிசைகிறது. சுற்றி நின்றவர்கள் அவரைத் தூக்கி நிறுத்தப் பார்த்துக்கொண்டிருந்தார்கள், அது செய்யவே கூடாதது. கடை வைத்திருந்த அம்மாள்தான் ஓடிவந்து, "தீதி, படுக்க வைங்க, காலைத் தூக்குங்க" என்று இந்தியில் கத்தினார். தன் கம்பளிச் சால்வையையும் உருவிப் போர்த்தினார். காலை என் தோளில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன், ஒன்றிரண்டு நிமிஷத்தில் கண்ணைத் திறந்தார். அப்புறம்தான் தெரிந்தது, அன்றைக்கு அவருக்கு விரதம், காலையிலிருந்து ஒரு டீ மட்டும்தான்.

வெந்நீரில் இருக்கும்போது தோலுக்கு அடியில் இருக்கிற ரத்தக் குழாய்கள் விரிந்துவிடுகின்றன. உட்கார்ந்திருக்கிற வரைக்கும் சுற்றி இருக்கிற தண்ணீரின் அழுத்தம் உடம்பைத் தாங்குகிறது. எழுந்ததும் அந்தத் தாங்கல் போய்விடும், ரத்தம் காலுக்கு இறங்கும், தலைக்குப் போவது குறையும். இதற்கு மேல் ஐந்து மணி நேரம் ஏறின வியர்வை, தண்ணீருக்குள்ளேயே வியர்ப்பது தெரியாமல் போகிற வியர்வை, வெறும் வயிறு. பயிற்சியில் பனிச்சரிவும் கயிறும் சொல்லிக் கொடுத்தார்கள், ஆபத்து என்றால் உயரமும் பள்ளமும் என்றே நான் நினைத்திருந்தேன். சுகமாகக் கிடக்கிற ஒரு குளத்தை அந்தக் கண்ணோடு பார்க்க எனக்குத் தோன்றவே இல்லை.

அன்றைக்கு இறங்கின இறக்கம் எனக்கு மறக்காது. அவரை இரண்டு மணி நேரம் படுக்க வைத்து, உப்பும் சர்க்கரையும் கலந்த தண்ணீரைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுத்து, கிளம்பும்போது மூன்றரை. ருத்ரநாக் வருவதற்கு முன்பே காட்டுக்குள் இருட்டிவிட்டது. மலைச்சரிவுக்குப் பின்னால் சூரியன் போய்விட்டால் அவ்வளவுதான், கடிகாரத்தில் பகல் மிச்சம் இருந்தாலும் பாதையில் இருக்காது. பதினான்கு பேருக்கு ஆறு டார்ச். உள்ளூர்ப் பையன்கள் இரண்டு பேர் கூட வந்ததால் அந்தப் பெண்ணை ஆளுக்கொரு பக்கம் பிடித்துக் கூட்டி வந்தோம், பர்ஷைனி சேரும்போது ஒன்பது மணி. ஊர் போனபிறகு அவர் எனக்கு நன்றி சொல்லிச் செய்தி அனுப்பியிருந்தார். அதைப் படித்துத்தான் நான் அழுதேன், ஏனென்றால் நான் குளத்தோரம் இருந்திருந்தால் அவர் விழுந்திருக்க மாட்டார்.

அதற்கப்புறம் பழக்கத்தை மாற்றினேன். காலையில் வண்டியிலேயே கேட்டுவிடுவேன், இன்றைக்கு யார் விரதம், யாருக்கு பிரஷர் மாத்திரை, யாருக்கு சர்க்கரை, யார் மாசமாக இருக்கிறீர்கள் என்று. கூச்சப்படுகிறவர்களைத் தனியாகக் கூப்பிட்டுக் கேட்பேன். மேலே போனதும் கால் மணி நேரம் உட்கார்ந்து ஏதாவது சாப்பிடாமல் யாரும் தண்ணீரில் இறங்க முடியாது. கால்மணிக்கு ஒருமுறை விளிம்புக்கு ஏறி உட்கார வேண்டும், தண்ணீர் குடிக்க வேண்டும், அப்புறம் வேண்டுமானால் மறுபடி இறங்கலாம். தலையை முக்கக் கூடாது, வெந்நீர் ஊற்றுகளில் மூக்கு வழியாக ஏறுகிற ஒரு அமீபா அபூர்வமாக மூளையைத் தாக்கும், அதனால் முங்கிக் குளிக்கிற ஆசையை மட்டும் விட்டுவிடுங்கள் என்று கெஞ்சியே கேட்பேன். முழுதாக ஒரு மணி நேரத்துக்குள் எல்லாரும் வெளியே, உலர்ந்த துணியில். ஈர உள்ளாடையோடு 12 கிலோமீட்டர் இறங்கினால் தொடை உரசிப் புண்ணாகிவிடும், இதை ஒரு ஆண் வழிகாட்டி வெளிப்படையாகச் சொல்லக் கூச்சப்படுகிறார், கேட்கிற பெண்களும் தலையைக் குனிந்துகொள்கிறார்கள்.

சுவருக்கு அந்தப் பக்கம் என்ன நடக்கிறது என்று ஒரு ஆண் வழிகாட்டிக்குத் தெரியவே தெரியாது. வெளியே நின்று "எல்லாம் சரியா?" என்று கத்தலாம், அவ்வளவுதான். பெண்கள் வருகிற குழுவுக்கு ஒரு பெண்ணாவது வழிகாட்டியாக இருக்க வேண்டும் என்று நான் எல்லா இடத்திலும் சொல்லிக்கொண்டு வருகிறேன், செலவு என்கிறார்கள். வேறொரு கதவும் திறக்க மாட்டேன் என்கிறது. உயரமான மலைகளுக்கு என்றால் பெண்களை அனுப்பத் தயங்குகிறார்கள், ஒருநாள் நடைக்கு என்றால் பெண்ணுக்குத் தனிச் சம்பளமா என்கிறார்கள்.

போன சீசனில் வந்த ஒரு பாட்டியைப் பற்றிச் சொல்ல வேண்டும். பொள்ளாச்சிப் பக்கம், அறுபத்து மூன்று வயது, மகளோடும் மகளின் சிநேகிதிகளோடும் வந்திருந்தார். இத்தனை தூரம் முடியுமா என்று பதிவு செய்யும்போதே கேட்டேன். "தைப்பூசத்துக்கு வருசா வருசம் பழனிக்கு நடக்கறேன் கண்ணு" என்றார், நான் அதற்குமேல் கேட்கவில்லை. சொன்னது போலவே சீரான நடை, நிற்காத நடை, ஐடி கம்பெனிப் பிள்ளைகள் ஏற்றத்தில் ஓடி ஓடி மூச்சு வாங்கி உட்கார்ந்தபோதெல்லாம் அவர் அவர்களைக் கடந்து போய்க்கொண்டிருந்தார்.

அவர் வந்ததற்குக் காரணம் குளம் இல்லை. இங்கே கார்த்திகேயன் தவம் இருந்தார் என்பது ஐதீகம், மகனுக்காகப் பார்வதி பாயசத்தை ஆறாக ஓடவிட்டாள், கலியுகத்தில் மனிதர்கள் இதற்காக அடித்துக்கொள்வார்கள் என்று பரசுராமர் அதைத் தண்ணீராக மாற்றிவிட்டார் என்று இங்கே சொல்வார்கள். வடக்கே கார்த்திகேயன் பிரம்மச்சாரி, தவசி. வள்ளி தெய்வானை கதையை இங்கே கடைக்காரர்களிடம் சொன்னால் ஆச்சரியப்படுவார்கள். பாட்டிக்கு அதெல்லாம் பொருட்டாகவே இல்லை. "பழனில பாலாபிசேகம், இங்க பாயாசமே ஆறா? அவனுக்குப் பொருத்தந்தான்" என்று சொல்லிவிட்டுச் சுருக்குப்பையிலிருந்து விபூதியை எடுத்துப் பூசிக்கொண்டு, புடவையோடு இறங்கினார்.

இறங்குவதற்கு முன்னால் வெள்ளி நகைகளைக் கழற்றச் சொல்வது என் வழக்கம், கந்தகத் தண்ணீர் பட்டால் வெள்ளி கறுத்துவிடும். பிள்ளைகள் கொலுசைக் கழற்றித் தந்தார்கள். பாட்டி மெட்டியைக் கழற்ற மாட்டேன் என்றுவிட்டார். தாத்தா இருக்கிற வரைக்கும் அது கால் விரலை விட்டு இறங்காது, கறுத்தால் கறுக்கட்டும் என்றார். நான் தட்டினபோது முதலில் எழுந்தது அவர்தான். விளிம்பில் உட்கார்ந்து, காலை மட்டும் தண்ணீரில் தொங்கவிட்டு, நிதானமாக இரண்டு மடக்கு உப்புத் தண்ணீர் குடித்தார், அப்புறம் மற்ற பிள்ளைகளைப் பார்த்து, "புள்ள சொல்லுதுல்ல, எந்திரிங்க" என்றார். அன்றைக்கு இரண்டாவது தட்டுக்கு வேலையே இல்லாமல் போயிற்று.

ஐந்தேகாலுக்கெல்லாம் பர்ஷைனியில் இருந்தோம், நல்ல வெளிச்சம். ராத்திரி கசோல் விடுதி வராந்தாவில் பாட்டி காலை நீட்டி உட்கார்ந்து, உள்ளங்கையில் விபூதியைக் கொட்டி, மெட்டியைத் தேய்த்துக்கொண்டிருந்தார். வலது கால் மெட்டி பழையபடி பளிச்சென்று வந்துவிட்டது. இடது கால் மெட்டி அப்படியே கருநீலமாக இருந்தது. தரட்டுமா பாட்டி, நான் தேய்க்கிறேன் என்றேன்.

"அது இருக்கட்டும் கண்ணு. ஊர்ல போயித் தாத்தாகிட்டக் காட்டோணும்" என்றார்.