சாலையோரத்தில் ஒரு பூக்கொண்டை

காருக்குள் செம்மண் புழுதி இருந்தது என்று சொல்லி, துடைத்த கூலியாக 150 டாலரை வாடகைக் கார் நிறுவனம் பிடித்துக்கொண்ட செய்தி நேற்றுதான் வந்தது. மேற்கு ஆஸ்திரேலியாவில் 'ரீத் ஃபிளவர்' (wreath flower) என்னும் காட்டுப்பூவைத் தேடிப் போன பயணத்தைப் பற்றி அந்தக் கோபத்தோடு எழுதுவதால் முறையான வழிகாட்டிக் கட்டுரையாக இது அமையும் என்று உறுதி கூற இயலாது. மண் சாலையில் ஓட்டுவதற்கு அனுமதி வேண்டும் என்பதற்காகவே, சிறிய காரைப் போல் இரு மடங்கு வாடகை கொடுத்துப் பெரிய வண்டி எடுத்தோம். மண் சாலையில் ஓடிய வண்டியில் மண் ஒட்டாமல் வேறு என்ன ஒட்டும் என்று கேட்டிருக்கிறேன். இதுவரை பதில் இல்லை.

மேற்கு ஆஸ்திரேலியாவில் பெர்த் நகரிலிருந்து வடக்கே சுமார் 420 கிலோமீட்டரில் ஜெரால்டன், அங்கிருந்து கிழக்கே ஏறத்தாழ 100 கிலோமீட்டரில் முல்லேவா, இன்னும் 30 கிலோமீட்டர் தள்ளிப் பிண்டார் என்னும் சிற்றூர். பிண்டாரில் வடக்கே திரும்பினால் பெரிங்காரா செல்லும் மண் சாலை. 'பூவைத் தேடாதீர்கள், நிற்கும் கார்களைத் தேடுங்கள்' என்று முல்லேவாவில் ஒரு மூதாட்டி கூறியிருந்தார். நாங்கள் போன நேரத்தில் ஒரு கார்கூட நிற்கவில்லை. ஐந்தாறு கிலோமீட்டர் வீணாக ஓட்டியபின், பெட்ரோல் முள்ளைப் பார்த்துத் திரும்பிவிடலாம் என்று நான் சொன்ன நேரத்தில் மனைவி, 'நிறுத்துங்கள், யாரோ கொண்டையைக் கழற்றி வைத்துவிட்டுப் போயிருக்கிறார்கள்' என்றாள்.

அதைவிட நல்ல வருணனை எனக்குத் தோன்றவில்லை. ஆங்கிலப் பெயரை மொழிபெயர்த்தால் 'மலர்வளையப் பூ' என்று வரும்; நமக்கோ மலர்வளையம் என்றாலே இறுதி மரியாதை நினைவுக்கு வந்துவிடுகிறது. தரையோடு தரையாக வட்டமாகப் படரும் இந்தக் குறுஞ்செடியின் நடுவில் மெல்லிய பச்சை இலைகள் மட்டுமே இருக்கின்றன. பூக்கள் அனைத்தும் விளிம்பில், கொண்டையைச் சுற்றி வைத்த சரம்போல், நெருக்கமாக வெளிப்புறம் நோக்கி மலர்கின்றன. மண்டியிட்டுப் பார்த்தபோது ஒவ்வொரு இதழும் அடியில் பாலாடை நிறமாகவும், ஓரத்தில் குங்குமம் தோய்ந்த சிவப்பாகவும் இருந்தது. முழங்கால் சூட்டையும் மூக்கில் மொய்த்த ஈக்களையும் மறந்து அரை மணி நேரம் அங்கேயே கிடந்தேன்.

மணற்சமவெளியின் புதர்க்காடு கண்ணுக்கெட்டிய தூரம் பரந்திருக்க, இச்செடி சாலையின் ஓரத்தில், எந்திரம் மண்ணைச் சுரண்டிச் சமப்படுத்திய இடத்தில்தான் வரிசையாக முளைத்திருந்தது. கிளறப்பட்ட மண்ணில் வேறு செடிகளின் போட்டி இல்லாதபோது செழித்து, பின்னர் புதர் மூடிக்கொள்ளும்போது மறைந்துவிடும் இனம் இது. அதனால்தான் மண் சாலையைத் தவிர்த்துவிட்டு இதைப் பார்க்கலாம் என்று நினைப்பது வீண்.

இதன் அறிவியல் பெயர் லெச்செனால்டியா மேக்ராந்தா (Lechenaultia macrantha). 1800ஆம் ஆண்டு போதான் என்பவரின் தலைமையில் புறப்பட்ட கடற்பயணத்தில் ஆஸ்திரேலியாவுக்கு வந்த பிரெஞ்சுத் தாவரவியலாளர் லெஷெனோவின் (Leschenault) நினைவாக, தாவரவியலாளர் ராபர்ட் பிரவுன் 1810இல் இப்பேரினத்துக்குப் பெயரிட்டபோது, அவருடைய பெயரிலிருந்த 'எஸ்' என்னும் எழுத்தைத் தவறவிட்டுவிட்டார்; பிழை அப்படியே நிலைத்துவிட்டது. அதே லெஷெனோ 1816இல் செடிகள் திரட்டுவதற்காக இந்தியாவுக்குப் புறப்பட்டு எங்கள் புதுச்சேரிக்கு வந்தவர் என்பதை அறிந்தபோது, சொந்த ஊர்க்காரரைப் பார்த்ததுபோல் இருந்தது.

மதிய உணவு, பெர்த்தில் தம்பி வீட்டில் கட்டிய தயிர்சாதமும் மோர்மிளகாயும். வழியில் இருவருக்கு ரொட்டியும் காப்பியும் 40 டாலருக்கு மேல் ஆகிவிடும் நாட்டில், இந்தப் பயணத்தின் மிகச் சிறந்த முடிவு அதுதான். ஆனால் ஈக்களோடு பங்கிட்டுக்கொள்ள மனமின்றி, கண்ணாடிகளை ஏற்றிவிட்டுக் காருக்குள் உண்டோம்.

போக விரும்புவோர் ஆகஸ்ட் பிற்பகுதி, செப்டம்பர் மாதங்களில் செல்லலாம். குளிர்கால மழை பொய்த்தால் பூவும் குறையும். பூவைப் பறிப்பது சட்டப்படி குற்றம். முகவலை அவசியம். காரைத் திருப்பிக் கொடுக்கும்போது உட்புறத்தைப் படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். என் கைப்பேசியில் 214 படங்கள் இருக்கின்றன. ஒன்றில்கூடக் காரின் உட்புறம் இல்லை.