நடுப்பக்கத்துல இருந்த சிலுக்கு

சின்ன வயசுல எங்க ஊர் சலூன்ல நாற்காலி கைப்பிடி மேல பலகை போட்டு உட்கார வைப்பாங்க, நிமிர்ந்தா கண்ணாடிக்கு மேல சில்க் ஸ்மிதா போட்டோ. ஏதோ பத்திரிகையோட நடுப்பக்கம், பின் அடிச்ச ரெண்டு ஓட்டையும் படத்துல அப்படியே தெரியும். நடுப்பக்கத்துக்கு ஏன் அவ்ளோ மவுசுன்னா அது மட்டும்தான் ஒரே தாளா விரியும், படம் ரெண்டா உடையாது, பின்னை நெம்புனா கிழியாம கையோட வந்துரும். சினிமா கொஞ்ச நாள் ஓடிட்டு தியேட்டரை விட்டுப் போயிரும், இந்தத் தாள் ஓரம் மஞ்சளாகி பசை காஞ்சு உரியுற வரைக்கும் செவுத்துலயே இருக்கும்.

விஜயலட்சுமிங்கிறது அவங்க சொந்தப் பேரு. 1980ல வந்த வண்டிச்சக்கரத்துல அவங்க கேரக்டர் பேரு சில்க், அதுவே கடைசி வரைக்கும் ஒட்டிக்கிச்சு. பேரை ஒட்ட வச்சது சினிமாதான், ஆனா அந்தப் பேரைக் கேட்டதும் என்ன தோணணும்னு முடிவு பண்ணது இந்த போட்டோக்கள்தான்னு நான் நினைக்கிறேன். நான் பார்த்த வரைக்கும் எல்லாம் ஒரே மாதிரி, பாதி மூடுன கண்ணு, கடிச்ச உதடு, கேமராவைத் தாழ்த்தி வச்சு எடுத்த ஆங்கிள், பக்கத்துலயே ரெட்டை அர்த்தத்துல ஒரு வரி. அந்த வரியை அவங்களா சொன்னாங்க? ஆனா படிக்கிறவனுக்கு அவங்க வாயில இருந்து வந்த மாதிரியேதான் இருக்கும், அதுதான் எனக்கு இன்னும் ஆறல.

1981லயே அலைகள் ஓய்வதில்லைல தியாகராஜனுக்கு மனைவியா, ராதாவுக்கு அண்ணியா, சேலையில வந்து நடிச்சிருப்பாங்க. நான் அதை முதல் தடவை பார்த்தது காலேஜ் படிக்கும்போது டிவில, இது அவங்கதானான்னு புரியவே கொஞ்ச நேரம் ஆச்சு, அத்தனை வருஷமா சலூன்ல பார்த்த மொகம் குறுக்க வந்து நின்னுச்சு. புருஷனைப் பார்த்து பேச்சு இல்லாம ஒரு பார்வை பார்ப்பாங்க பாருங்க, அந்த மாதிரி குளோசப் ஒண்ணை ஸ்டில்லா எடுத்து எந்த நடுப்பக்கத்துலயும் போட்டு நான் பார்த்ததே இல்ல.

1996 செப்டம்பர் 23, அவங்க இறந்துட்டாங்க. அந்த வாரம் அஞ்சலின்னு போட்டிருந்த பக்கங்கள்ல கூட அதே பழைய போஸைப் பார்த்தேன், மனசு ரொம்ப வலிச்சுது.

போன மாசம் மறுபடி அந்தப் படத்தைப் போட்டு, அந்தப் பார்வை வர்ற இடத்துல நிறுத்தி ஸ்கிரீன்ஷாட் எடுத்து வச்சுக்கிட்டேன். கொஞ்சம் மங்கலாத்தான் இருக்கு.