கித்தாரைப் போட்டுடைத்தவர்

நேற்று ராத்திரி மறுபடியும் ‘பிளாக் காட், ஒயிட் டெவில்’ (1964) என்ற பிரேசில் படத்தைப் பார்த்தேன். பார்த்தேன் என்பதைவிடக் கேட்டேன் என்பதே சரி. பாட்டுகள் செர்ஜியோ ரிக்கார்டோ, ரியோவில் போசா நோவா என்ற மென்மையான பாட்டு வகையைப் பாடிக்கொண்டிருந்த ஆள். இயக்குநர் கிளாபர் ரோஷா எழுதிய வரிகளுக்கு, பிரேசிலின் வடகிழக்குச் சந்தைகளில் கயிற்றில் தொங்கவிட்டு விற்பார்களே கோர்டெல் கதைப்பாட்டுப் புத்தகங்கள், அந்தச் சாயலில் மெட்டுப் போட்டு, கித்தாரோடு தொண்டை கிழியத் தானே பாடியிருக்கிறார். நடுவே பிரேசிலின் செவ்வியல் இசையமைப்பாளர் வில்லா-லோபோஸின் இசை வேறு! கடைசியில் செர்டாவோ என்கிற அந்த வறண்ட உள்நாட்டு நிலத்தில் நாயகன் மானுவேல் ஓடும்போது பாட்டும் கூடவே மூச்சிரைக்க ஓடுகிறது, அப்புறம் திடீரென்று கடல். 1967இல் பாட்டுப் போட்டி மேடையில் கூட்டம் கூச்சல் போட்டுப் பாடவிடாமல் செய்ய, கித்தாரை உடைத்து அவர்கள் மேலேயே வீசியவரும் இதே ரிக்கார்டோதான்.