வசனமே இல்லாத படத்துக்கு எழுதினவர்

விடுதியில் சனிக்கிழமை இரவுகளில் விளக்கணைக்க முன்னம் அரை மணித்தியாலம் எங்கள் ராச்சியம். அந்த அரை மணித்தியாலத்தில் ‘பராசக்தி’ நீதிமன்றக் காட்சியை நான் முழுதாக ஒப்புவிப்பேன். கட்டில் சட்டம்தான் கூண்டு. படம் வந்தது 1952இல். நான் அப்போது பிறக்கவே இல்லை. ஆனாலும் வசனப் புத்தகம் கைமாறிக் கைமாறி எங்களிடம் வந்து சேர்ந்திருந்தது, மட்டையும் முதல் நாலு பக்கமும் இல்லாமல். ஒரு படம் என்றால் யார் நடிப்பு என்று கேட்கிற அதே மூச்சில் யார் வசனம் என்றும் கேட்கிற ஆட்கள் நாங்கள்.

ஒருநாள் நான் கையை உயர்த்தி உச்சக்கட்டத்தில் நிற்க, வாசலில் ஆங்கிலம் படிப்பித்த சேர். அன்றைக்கு விடுதிப் பொறுப்பு அவருக்கு. அடி நிச்சயம் என்று நினைத்தேன். முடியும்வரை நின்று கேட்டார்.

“நல்லாச் சொல்லுறாய் தம்பி. உந்த வசனத்தையெல்லாம் எடுத்துப்போட்டால் படத்திலை என்ன மிஞ்சும்?”

“ஒண்டுமில்லை சேர்.”

“அப்ப ஊமைப்படக் காலத்திலை எழுத்தாளன் என்னத்தை எழுதியிருப்பான்?”

விளக்கை அணைத்துவிட்டுப் போய்விட்டார். இருட்டில் பெடியன்கள் சிரித்த சிரிப்பு இன்னும் காதில் இருக்கிறது.

பதில் எனக்குக் கிடைத்தது 2012இல், லண்டனில். நான் இருப்பது லேட்டன்ஸ்டனில், திரைப்பட இயக்குநர் ஹிட்ச்கொக் பிறந்த இடம். நிலக்கீழ் ரயில் நிலையத்தின் நடைபாதைச் சுவர்களில் அவருடைய படங்களையும் வாழ்க்கையையும் 17 மொசைக் சித்திரங்களாகப் பதித்து வைத்திருக்கிறார்கள். பத்து வருடமாக வேலைக்கு அவற்றைத் தாண்டித்தான் ஓடினேன். அதில் ஒன்று ‘த பிளெஷர் கார்டன்’, அவர் இயக்கி முடித்த முதல் முழுநீளப் படம். அதை எழுதியவர் யார் என்று யோசித்துக்கொண்டு அங்கே யாரும் நிற்பதில்லை. நானும் நின்றதில்லை.

அந்த வருடம் பிரித்தானியத் திரைப்பட நிறுவனம் ஹிட்ச்கொக்கின் ஊமைப்படங்கள் ஒன்பதைப் புதுப்பித்துத் திரையிட்டது. மகளின் வற்புறுத்தலில் 1927இல் வந்த ‘டவுன்ஹில்’ பார்க்கப் போனேன். திரைக்கதை: எலியட் ஸ்டானர்ட்.

கதை ஒரு பள்ளிக்கூடத்தில் தொடங்குகிறது. மாணவர் தலைவன் ரொடி. அவனுடைய கூட்டாளி ஒரு பெண்ணோடு செய்த தவறுக்கு, பணக்கார வீட்டுப் பிள்ளை என்பதால் அவள் ரொடியைக் கைகாட்டுகிறாள். கூட்டாளிக்குக் கிடைக்கவேண்டிய புலமைப்பரிசில் பறிபோகக் கூடாது என்று ரொடி வாயைத் திறக்கவில்லை. அதிபர் அவனைப் பள்ளிக்கூடத்தை விட்டு நிறுத்துகிறார். அப்போது அவன் கேட்பது திரையில் எழுத்தாக வருகிறது: அப்படியென்றால் நான் ஓல்ட் போய்ஸுக்கு, அதாவது பழைய மாணவர் அணிக்கு, விளையாட முடியாதா, சேர்?

அரங்கு முழுக்கச் சிரித்தது. சிரிக்கத்தான் வேண்டும், அதைக் கேட்கிற ‘மாணவன்’ ஐவர் நொவெல்லோவுக்கு அப்போது வயது 34. நான் மட்டும் சிரிக்கவில்லை. அதற்கு முதல் கிழமைதான் எங்கள் பழைய மாணவர் சங்கத்தின் கிரிக்கெட் அணியிலிருந்து முழங்காலைக் காரணம் காட்டி என் பெயரை வெட்டியிருந்தார்கள்.

அப்புறம் ஒரு காட்சி. ரொடி வீட்டை விட்டு வெளியேறிய பிறகு, நல்ல கோட்டுப் போட்ட கனவான் மாதிரி நிற்கிறான். அட, ஆள் வசதியாகிவிட்டான் என்று நினைக்கிறோம். கமெரா பின்னால் நகர, அவன் உணவகப் பரிசாரகன் என்று தெரிகிறது. மேசையில் இருந்த சோடி நடனமாட எழும்ப, அந்தப் பெண் விட்டுப்போன சிகரெட் பெட்டியை எடுத்துச் சட்டைப்பைக்குள் போடுகிறான். கள்ளனாகவும் போனானே என்று மனம் பதைக்கிறது. கமெரா இன்னும் கொஞ்சம் நகர்கிறது: வரிசையாக ஆடும் பெண்கள், மேடை, எதிரே பார்வையாளர்கள். எல்லாமே நாடகம், அவன் அதில் சின்ன வேடக்காரன். ஒரு நிமிடம்கூட ஆகியிருக்காது, மூன்று தரம் ஏமாந்துவிட்டேன். ஒரு சொல் இல்லை.

சேர் கேட்ட கேள்விக்கு விடை இதுதான் என்று அந்த இருட்டில் எனக்கு விளங்கியது. எதை முதலில் காட்டுவது, எதை ஒளித்து வைப்பது, எப்போது திறப்பது. அதைத்தான் ஊமைப்பட எழுத்தாளன் எழுதியிருக்கிறான்.

இயக்குநரின் புகழைப் பிடுங்கி எழுத்தாளனிடம் கொடுக்க நான் வரவில்லை. அதே படத்தில் ரொடி சறுக்குகிறான் என்று காட்ட மைடா வேல் நிலையத்து எஸ்கலேட்டரில் கீழே இறங்க விட்டிருப்பார்கள். பின்னாளில் ஹிட்ச்கொக்கே அது கொஞ்சம் வெகுளித்தனம் என்று சொன்னார். ஆனால் அவருடைய முதல் ஒன்பது படங்களில் எட்டுக்கு ஸ்டானர்ட் எழுதியிருக்கிறார். ‘த லொட்ஜர்’ அதில் ஒன்று. ஹிட்ச்கொக் இயக்குநர் நாற்காலியில் அமர்ந்தபோது இவருக்குப் பத்து வருட அனுபவம்.

1888இல் பிறந்தவர் ஸ்டானர்ட். தாய் அந்தக் காலத்தில் பேர்போன நாவலாசிரியை. குதிரைப்படைக் கதைகளைப் பெண் எழுதினால் எடுபடாது என்று ‘ஜோன் ஸ்ட்ரேஞ்ச் வின்டர்’ என்ற ஆண் பெயரில் எழுதியவர். மகன் பத்திரிகையில் எழுதிவிட்டு 1914 அளவில் சினிமாவுக்குள் வந்து, 1933 வரை 80க்கு மேற்பட்ட படங்கள். டிக்கன்ஸ் நாவல், கால்ஸ்வர்தி நாடகம் என்று கையில் கிடைத்ததையெல்லாம் படமாக்க எழுதினார். 1920இல் ‘வதரிங் ஹைட்ஸ்’ நாவலுக்கும் இவர்தான். நாவலாசிரியை எமிலி புரொண்டேயின் ஊரான ஹாவர்த்துக்கே போய் எடுத்த படம். இன்றைக்கு அதன் பிரதி இல்லை. எழுதிய காகிதமும் எடுத்த சுருளும் சேர்ந்து போய்விட்டால் ஊமைப்பட எழுத்தாளனுக்கு என்ன மிஞ்சும்? எங்கள் மட்டை கிழிந்த வசனப் புத்தகம் கொடுத்துவைத்தது.

ஒன்று மிஞ்சியிருக்கிறது. 1920இல் திரைக்கதை எழுதுவது எப்படி என்று ஒரு சின்னப் புத்தகம் போட்டார். அதற்கு முன்னமே, 1917இல், ஒரு பொருளைக் காட்டி ஒரு கருத்தை உணர்த்துவது பற்றித் தொழில்முறைப் பத்திரிகையில் எழுதியிருக்கிறார். இவற்றையெல்லாம் தூசி தட்டி, ஸ்டானர்டை விட்டுவிட்டு ஹிட்ச்கொக்கின் ஆரம்ப காலத்தைப் பேச முடியாது என்று 1999இல் நிறுவியவர் சார்ள்ஸ் பார் என்ற ஆய்வாளர். 1929இல் ஹிட்ச்கொக் பேசும் படத்துக்கு மாறினார். ஸ்டானர்டுக்கு அதற்குப் பிறகு அவரோடு படம் இல்லை. கொஞ்ச வருடம் அங்கொன்று இங்கொன்றாக எழுதி, 1944இல் காலமானார்.

படம் பார்த்த அடுத்த வருடம் ஊருக்குப் போனபோது சேரைப் பார்க்கப் போனேன். கண் மங்கிவிட்டது, காது மட்டும் அப்படியே. விறாந்தையில் சாய்மனைக் கதிரையில் இருந்தபடி முழுக்கதையையும் கேட்டார். பரிசாரகன் காட்சியை இரண்டாம் தரமும் சொல்லச் சொன்னார். தேத்தண்ணி ஆறிப்போயிற்று. ஸ்டானர்டின் பெயரை ஒருமுறை தனக்குள் சொல்லிப் பார்த்தார்.

“சரி, அதை விடு. அந்தப் பெடியன் கடைசியிலை ஓல்ட் போய்ஸுக்கு விளையாடினவனோ?”

“ஓம் சேர். கடைசிக் காட்சியே அதுதான். ரக்பி.”