வீட்டு அலங்காரத் தையல் தேர்வு: முதலில் ஊடை நூலை இழுங்கள்

முடிவு வந்துவிட்டது. முதல் வகுப்பு. செய்முறை மதிப்பெண் தூக்கிக்கொடுத்த முதல் வகுப்பு. எழுத்துத் தேர்வைப் பற்றிப் பெருமையாகச் சொல்ல என்னிடம் ஒன்றும் இல்லை. அடுத்த முறை எழுதப்போகிறவர்கள் காரைக்குடியிலும் தேவகோட்டையிலும் என்னைப் பார்க்கும்போதெல்லாம் "பழைய வினாத்தாள் இருக்கிறதா?" என்றே கேட்கிறார்கள். வினாத்தாள் கிடக்கட்டும். துணியை எப்படி வெட்டினாய் என்று கேளுங்கள்.

எங்களுக்குச் செய்முறையில் வந்தது அரை ஜன்னல் திரை ஒன்று, ஓரத்தில் பைப்பிங் (கயிறு பொதிந்த பட்டை) வைத்த குஷன் உறை ஒன்று. துணி, கைத்தறிப் பருத்தி. தேர்வு மையத்தில் யாரோ அவசர அவசரமாகக் கோணல்மாணலாக வெட்டி ஆளுக்கொரு துண்டு வைத்திருந்தார்கள். மதிப்பெண் போடுகிற இடத்தில் இப்படியா துணி கொடுப்பது என்ற கோபம் எனக்கு இன்னும் தீரவில்லை. பக்கத்து மேசைகளில் ஸ்கேல் வைத்து, சாக்கால் கோடு போட்டு, வெட்டத் தொடங்கிவிட்டார்கள். நான் கரை ஓரத்தில் சின்ன வெட்டு ஒன்று கொடுத்து, ஊசி முனையால் ஒரே ஓர் ஊடை நூலை, அதாவது கரைக்குக் கரை குறுக்கே ஓடும் இழையை, நெம்பி எடுத்து இழுத்துக்கொண்டிருந்தேன். கண்காணிப்பாளர் பின்னால் வந்து நின்று, "இன்னும் வெட்டவே இல்லையாம்மா?" என்று கேட்டுவிட்டுப் போனார்.

நூலை மெதுவாக இழுத்தால் துணி அதோடு சேர்ந்து கொசுவம் போலச் சுருங்கும். அந்தச் சுருக்கத்தை மறு கையின் விரலால் எதிர்ப்பக்கம் தள்ளிக்கொண்டே போக வேண்டும். நூல் கழன்ற இடத்தில் மெல்லிய சந்து ஒன்று தெரியும். கத்தரி போக வேண்டிய வழி அதுதான். நூல் நடுவில் அறுந்தால் பதறாதீர்கள். அறுந்த இடம் வரை வெட்டி, அங்கிருந்து அதே நூலின் மறுமுனையைப் பிடியுங்கள். இரண்டு தலைப்பையும் இப்படி வெட்டியபின், கரையோடு கரை சேர்த்து மடித்துப் பாருங்கள். மூலைகள் ஒட்டவில்லை என்றால் துணி சாய்ந்திருக்கிறது. எந்த இரண்டு எதிர் மூலைகளுக்கு இடையே நீளம் குறைவோ, அவற்றைப் பிடித்து உரேப்பாக (மூலைவாட்டில்) இழுத்தால் நேராகிவிடும். தைக்கும் முன் நனைக்க நேரம் இருந்தால் நனையுங்கள். வீட்டில் தைக்கும்போது கட்டாயம் நனையுங்கள்.

தேர்வாளர் திரைகளைக் கம்பியில் மாட்டித்தான் பார்த்தார். தையலைத் திருப்பிப் பார்ப்பதற்கு முன்பே தொங்கலைப் பார்த்தார். இழை தவறி வெட்டிய திரை மேசை மேல் இருக்கும்வரை சாதுவாக இருக்கும். கம்பியில் ஏறியதும் அடி ஓரம் ஒரு பக்கம் ஏறி, ஒரு பக்கம் இறங்கி, முறுக்கிக்கொண்டு நிற்கும். இஸ்திரி போட்டால் சரியாகிவிடும் என்பார்கள். ஒருமுறை துவைத்துக் காயப்போட்டதும் பழைய கோணல் திரும்பிவிடும்.

வெல்வெட், நெருக்கமான ட்வில் (சாய்கோடு நெசவு) போன்றவற்றில் நூல் இழுக்க முடியாது. அச்சுத் துணியில் அச்சே இழைக்குச் சாய்வாக விழுந்திருந்தால் அச்சைப் பார்த்து வெட்டுங்கள். பார்க்கிறவர் கண்ணில் படுவது பூ. இழையை யார் பார்க்கப் போகிறார்கள்?

பழகுவதற்குக் கண்டாங்கிதான் சரியான துணி என்பேன். 2019இல் புவிசார் குறியீடு வாங்கிய நம் காரைக்குடிப் புடவை. அதன் கட்டமும் கோடும் தறியில் நெய்தவை, அச்சடித்தவை அல்ல. ஆகவே கட்டத்தின் கோடே இழை. கத்தரி அரை விரல் விலகினாலும் கட்டம் காட்டிக்கொடுத்துவிடும். என் அத்தை கட்டிப் பழசான அரக்குக் கண்டாங்கியில்தான் குஷன் உறை பழகினேன். பழைய புடவையில் மடிப்பு விழுந்த இடம் இற்றுப்போயிருக்கும். வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து அதை ஒதுக்கிவிட்டு, உள்ளே மெல்லிய மல் துணி கொடுத்துத் தையுங்கள். சாயம் போகுமா என்று ஈர வெள்ளைத் துணியால் தேய்த்துப் பார்த்த பிறகே வெள்ளைப் பைப்பிங் வையுங்கள்.

எம்பிராய்டரிக்கு நேரத்தைக் கொட்டுகிறவர்களுக்கு என்னிடம் யோசனை இல்லை. எனக்கு அதற்குப் பொறுமை கிடையாது. மூலை சரியாகத் திரும்பாத உறையில் மயில் எதற்கு?

இனி, துண்டு துண்டாக:

- பைப்பிங் பட்டை 45 பாகையில், ஒன்றரை அங்குல அகலம். மூலையில் பட்டைக்கு மட்டும் வெட்டுக் கொடுங்கள், உறைக்கு அல்ல.
- 16 அங்குலக் குஷனுக்கு உறையும் 16தான். தாராளமாக விட்டால் தொளதொளக்கும்.
- பின்பக்கம் ஜிப் இல்லாமல் தைத்தால், ஒன்றின் மேல் ஒன்று ஏறும் பகுதி 4 அங்குலமாவது வேண்டும்.
- பருத்திக்கு 14ஆம் எண் ஊசி. பைப்பிங் அடுக்குகளுக்கு 16.
- வளையம் வைத்த திரையில் வளையங்கள் இரட்டைப்படையில்தான் இருக்க வேண்டும். அப்போதுதான் இரண்டு ஓரமும் சுவர்ப் பக்கம் திரும்பும். வாய்மொழியில் கேட்பார்கள்.

ஊஞ்சல் திண்டு வந்தால் பயப்படாதீர்கள். விட்டம் 8 அங்குலம் என்றால் சுற்றளவு 25 அங்குலத்துக்குச் சற்று மேல். தையலுக்கு ஓர் அங்குலம் சேர்த்து 26. பக்க வட்டம் 9 அங்குல விட்டம். வட்டத்தையும் குழாயையும் நான்காகக் குறித்துக்கொண்டு, குழாயின் ஓரத்தில் அரை அங்குலத்துக்கு ஒரு வெட்டுக் கொடுத்தால் வட்டத்தோடு சுருக்கமில்லாமல் உட்காரும். தைக்கும்போது குழாய் மேலே, வட்டம் கீழே.

எழுத்தில் திரைக் கணக்கை விட்டுவிடாதீர்கள். கம்பி 48 அங்குலம், மடிப்புக்கு இரண்டு மடங்கு: 96. துணி அகலம் 48 என்றால் இரண்டு அகலம். திரை நீளம் 60, தலைப்புக்கு 4, அடி மடிப்புக்கு 6: ஆக 70. இரண்டுக்கு 140 அங்குலம். வடிவம் 12 அங்குலத்துக்கு ஒருமுறை திரும்ப வந்தால் 70ஐ அடுத்த மடங்கான 72 ஆக்குங்கள். மொத்தம் 144, அதாவது 4 கெஜம். இந்தக் கடைசி வரியைத்தான் பலரும் விட்டுவிடுகிறார்கள்.

வாய்மொழியில் என்னிடம் கேட்டது: சிவப்பும் மஞ்சளும் பச்சையுமாக ஆத்தங்குடிக் கல் பதித்த முகப்புக்கு என்ன நிறத் திரை? அந்தத் தரை இருக்கும்போது திரையும் கத்தக் கூடாது, வெளுக்காத கோராத் துணியில் அரக்குக் கரை போதும் என்றேன். தேர்வாளர் எதிர்பார்த்தது வண்ணச் சக்கரமும் எதிர் நிறமும். மதிப்பெண் அங்கேதான் போனது என்று நினைக்கிறேன். நீங்கள் சக்கரத்தைச் சொல்லிவிட்டு வாருங்கள். வீட்டுக்கு வந்து கோராத் திரை மாட்டிக்கொள்ளலாம்.