சில்வியோடு ஒரு ஜனவரி

ஜனவரி 4
பிரெஞ்சு நடிகை சில்வி பாரிஸில் பிறந்தது 1883 ஜனவரியில். இறந்ததும் ஒரு ஜனவரியில்தான், 1970-ல். அதனால் இந்த மாதம் அவர் நடித்த படங்களாகவே பார்ப்பது என்று முடிவு செய்திருக்கிறேன். படத் தொடக்கத்தில் பெயர்கள் ஓடும்போது குடும்பப் பெயரெல்லாம் கிடையாது, வெறும் 'சில்வி'தான். இளமையெல்லாம் நாடக மேடையில் கழிந்தது. நான் பார்த்த படங்களில் பெரும்பாலும் அம்மா, கிழவி, மடத்துத் தலைவி.

ஜனவரி 9
'லெ கோர்போ', 1943, க்ளூசோ இயக்கியது. மொட்டைக் கடுதாசிகளால் ஒரு சின்ன ஊர் அழுகிப்போகும் கதை. மருத்துவமனையில் படுத்திருக்கும் ஒருவனுக்குப் புற்றுநோய், பிழைக்க மாட்டான் என்று ஒரு கடுதாசி வருகிறது. அவன் சவரக்கத்தியால் கழுத்தை அறுத்துக்கொள்கிறான். அவனைப் பெற்றவள்தான் சில்வி. மொத்தமே சில காட்சிகள்தான். கடைசியில், கடுதாசி எழுதிய ஆள் மேஜைமேல் சரிந்து கிடக்க, ஜன்னலுக்கு வெளியே கறுப்பு முக்காட்டோடு ஒரு பெண் தெருவில் நடந்து போகிறாள். பிள்ளைகள் விளையாடிக்கொண்டிருக்கிறார்கள். எழுதியது யார் என்று இங்கே சொல்லப்போவதில்லை. ஆனால் அந்த நடையை மறக்கவே முடியாது.

ஜனவரி 10
வேலை அதிகம். படம் இல்லை.

ஜனவரி 17
'தெரேஸ் ரகேன்', 1953. ஸோலாவின் நாவலை மார்செல் கார்னே தன் காலத்து லியோன் நகரத்துக்குக் கொண்டுவந்துவிட்டார். நாவலில் தெரேஸின் கணவனைத் தண்ணீரில் மூழ்கடிப்பார்கள், இங்கே ரயிலிலிருந்து தள்ளிவிடுகிறார்கள். பிள்ளை போன அதிர்ச்சியில் தாய்க்குப் பக்கவாதம். அதற்கப்புறம் சில்விக்கு வசனம் இல்லை, கை கால் அசைவும் இல்லை. நாற்காலியில் உட்கார்ந்தபடி மருமகளைப் பார்க்கிறார், அவ்வளவுதான். மருமகளாக வருவது சிமோன் சிக்னொரே, லேசுப்பட்ட நடிகை இல்லை. அப்படியும் என் கண் கிழவியின் கண்ணுக்கே போய்க்கொண்டிருந்தது. ஒரு காட்சியை மூன்று முறை பின்னால் தள்ளிப் பார்த்தேன். அழுகை, கோபம், சாபம் எல்லாம் அந்த இரண்டு கண்ணுக்குள் இருக்கிறது.

ஜனவரி 25
இன்றைக்கு அம்மாவும் கூட உட்கார்ந்தார். ரெனே அலியோவின் முதல் முழுநீளப் படம், 1965. தலைப்பைத் தமிழில் 'வெட்கங்கெட்ட கிழவி' என்று வைத்துக்கொள்ளலாம். மூலம் ப்ரெக்டின் சிறுகதை, படம் நடப்பது மர்சேய் நகரத்தில். வெளியான வருஷம் சில்விக்கு 82 வயது. படம் முழுக்க அவர்தான்.

காலமெல்லாம் புருஷனுக்கும் பிள்ளைகளுக்கும் உழைத்த பெர்த், புருஷன் போன பிறகு வீட்டுச் சாமான்களை விற்கிறார், கார் வாங்குகிறார், பிள்ளைகளுக்குப் பிடிக்காத ஓர் இளம்பெண்ணோடு சிநேகமாகிறார். அவர் ஐஸ்கிரீம் சாப்பிடும் இடத்தில் அம்மா வாய்விட்டுச் சிரித்தார். எனக்குத் தொண்டை அடைத்தது. மகள், மனைவி, தாய் என்று ஒரு வாழ்க்கை. அப்புறம் தனக்கே தனக்கென்று குட்டியாக இன்னொன்று.

அமெரிக்கத் தேசியத் திரை விமர்சகர் சங்கம் 1966-க்கான சிறந்த நடிகை விருதை இந்தப் படத்துக்காக அவருக்குத்தான் கொடுத்தது. அந்தச் சங்கம் கொடுத்த முதல் விருதுகள் அவை.

ஜனவரி 26
காலையில் காபி கொடுக்கும்போது அம்மா கேட்டார்: "அந்தம்மா நடிச்சது வேற ஏதாவது இருக்கா?"

துவிவியேவின் 'சூ லெ சியேல் தெ பாரி' இருக்கிறது, 1951-ல் வந்தது. தன் பூனைகளுக்குத் தீனி தேடி நகரமெல்லாம் அலையும் கிழவியாக வருவார். ஞாயிற்றுக்கிழமை பார்க்கலாம் என்றேன்.