நான் வரைந்த வீட்டில் என் வேலை

கன்னியாகுமரி மாவட்டத்தில் தக்கலைக்கு அருகே, குளக்கரையை ஒட்டிய பத்து சென்ட் நிலத்தில் நானே வரைந்து கட்டிய வீட்டில் ஏழு ஆண்டுகளாகக் குடியிருக்கிறேன். அதன் மேற்கு அறைதான் என் அலுவலகம். அதற்குமுன் பிறருக்குப் பல வீடுகள் வரைந்திருந்தும், சாவியைக் கொடுத்துவிட்டு வந்தபின் அவை ஒரு மழைக்காலத்தை எப்படிக் கடக்கின்றன என்பதை நான் உள்ளிருந்து பார்த்ததில்லை.

கேரளத்தில் பணியாற்றிய கட்டடக் கலைஞர் லாரி பேக்கர் பரப்பிய எலிப்பொறிக் கட்டில் சுவர்களை எழுப்பினேன். செங்கற்களைப் படுக்கவைக்காமல் பக்கவாட்டில் நிறுத்தி, நடுவே மூன்று அங்குல அளவில் வெற்றிடம் விட்டுக் கட்டும் இம்முறையில், ஒன்பது அங்குலச் சுவருக்கு ஏறத்தாழக் கால் பங்கு செங்கல் மிச்சமாகும். உள்ளே அடைபட்ட காற்று வெயிலின் சூட்டையும் மட்டுப்படுத்தும். சித்திரை மதியத்திலும் இங்கே அமர்ந்து வரைய முடிகிறது.

நான் தவறியது இறவாரத்தில், அதாவது சுவரைத் தாண்டி வெளியே நீளும் கூரை விளிம்பில். தென்மேற்கு, வடகிழக்கு என இரு பருவமழைகளும் பெய்யும் மாவட்டம் இது என்று தெரிந்திருந்தும், குளம் மறையக்கூடாது என்ற ஆசையில் மேற்குச் சன்னலுக்கு மேல் ஓட்டுக்கூரையை ஒன்றரை அடியோடு நிறுத்திவிட்டேன். முதல் ஆனி மாதத்திலேயே, காற்றோடு சாய்ந்து வந்த மழை மேசைமேல் இருந்த வரைபடங்களை நனைத்தது. பூசாமல் விட்டிருந்த செங்கற்சுவரில் பாசி படர்ந்தது. கூரையைப் பார்க்க வந்த முதிய ஆசாரி, "கொட்டாரத்துல எறவாணம் எவ்வளவு தாழ்ந்து கெடக்குன்னு பாத்ததில்லையா?" என்று கேட்டார்.

பார்த்திருக்கிறேன். அவர் கொட்டாரம் என்றது பத்மநாபபுரம் அரண்மனையை. மாணவனாக இருந்தபோது அங்கே பல நாள் இருந்து, மன்னர் ஆலோசனை நடத்திய மந்திரசாலையின் சாய்வான மரச்சட்டங்களையும் பளபளக்கும் கருந்தரையையும் தாள் தாளாக வரைந்தேன். காற்றை உள்ளே விட்டு, சாரலையும் கண்கூசும் ஒளியையும் தடுக்கும் அந்த அமைப்பை அழகென்று மட்டுமே குறித்துக்கொண்டது இன்றும் எனக்கு வருத்தம்தான்.

அயனி மரச் சட்டங்கள் கொடுத்து இறவாரத்தை மூன்றேகால் அடிக்கு நீட்டினோம். நாற்காலியில் அமர்ந்தால் குளம் முழுதாகத் தெரிகிறது. மறைந்தது வானம் மட்டுமே. அலுவலகத்துக்குத் தனி வாசல் வைக்காததும் பிழைதான். வருவோர் கூடத்தைக் கடக்கும்போதெல்லாம் அம்மாவின் மதியத் தூக்கம் கலைகிறது. வடக்குச் சுவரில் வாசல் திறக்க இடம் குறித்திருக்கிறேன்.

குளச்சலில் கடலைப் பார்த்து வீடு கட்டவிருக்கும் ஒருவர், மேற்குச் சுவர் முழுவதும் கண்ணாடி வேண்டும் என்கிறார். மழை வலுக்கும் ஒரு மதியத்தில் வந்து இந்தச் சன்னலோரம் சற்று உட்காரும்படி அவரிடம் கேட்டுக்கொண்டிருக்கிறேன். அதன்பிறகே பென்சிலை எடுப்பேன்.